கடன் கட்ட முடியாவிட்டால் சிறையா? ஈ.பி. நோட்டீஸ் வந்தவருக்குச் சட்டம் தரும் பாதுகாப்பு

கரிசல்காடு கேட்டது:

எங்கள் ஊர் நூலக வாசகர் வட்டத்தில் அடுத்த மாதம் கடன் சட்டம் பற்றி ஒரு கூட்டம் வைத்திருக்கிறோம். வருகிறவர்கள் பெரும்பாலும் தச்சு, தையல், கூலி வேலை செய்பவர்கள், குழுக்கடன் வாங்கிய பெண்கள். அவர்கள் கையில் கொடுக்க இரண்டு பக்கத் துண்டறிக்கை தயாராகிறது. "கடனுக்கு ஜெயில் கிடையாது" என்று ஒரே வரியில் எழுதிவிடலாம் என்கிறார் ஒருவர். ஆனால் கோர்ட் வாரண்டோடு அமீனா வந்து ஆளைக் கூட்டிப்போவதும் நடக்கத்தானே செய்கிறது?

கூட்டத்தில் பேச ஒரு மாதிரி வழக்கு வைத்துக்கொள்கிறோம். ஒரு தச்சர் 24 சதவீத வட்டிக்குப் புரோநோட்டு எழுதிக் கொடுத்து 2,00,000 ரூபாய் வாங்கினார். மனைவியும் கையெழுத்துப் போட்டிருக்கிறார். வழக்குக்கு இருவரும் போகாததால் 2,85,000 ரூபாய்க்கு ஒருதலைப்பட்சமாக டிகிரி (பணம் கட்டச் சொல்லும் கோர்ட் தீர்ப்பு) ஆகிவிட்டது. 3 வருடம் கழித்து, "ஏன் உங்களைக் கைது செய்து சிவில் சிறையில் வைக்கக் கூடாது" என்று ஈ.பி.யில் (டிகிரியை நிறைவேற்றித் தரக் கேட்கும் மனுவில்) நோட்டீஸ் வருகிறது. இந்த நிலையில் அவருக்கு என்னென்ன பாதுகாப்பு? எங்கே தவறினால் அது கைநழுவும்? சட்டப் பிரிவோடு சொன்னால் உதவியாக இருக்கும்.

---

முன்சீப்கோர்ட்_வாசல் பதில்:

"ஜெயில் கிடையாது" என்று மட்டும் எழுதிவிடாதீர்கள் ஐயா. அதை நம்பி நோட்டீஸை மடித்து வைப்பவர்தான் மாட்டிக்கொள்கிறார். பணம் இல்லாததற்குச் சிறை இல்லை. பணம் இருந்தும் கொடுக்காமல் ஏய்ப்பதற்குச் சிறை உண்டு. இந்த வேறுபாட்டைத் துண்டறிக்கையின் தலையிலேயே போடுங்கள்.

அடிப்படை, சி.பி.சி. (உரிமையியல் நடைமுறைச் சட்டம்) 51ஆம் பிரிவின் வரம்புரை, அதாவது அதில் உள்ள நிபந்தனை. பண டிகிரிக்காக ஒருவரைச் சிறைக்கு அனுப்ப வேண்டுமானால், அவருக்குக் காரணம் சொல்ல வாய்ப்புக் கொடுத்து, கீழ்க்கண்டவற்றில் ஒன்றாவது உண்மை என்று நீதிபதி எழுத்தில் பதிய வேண்டும். ஒன்று, அவர் ஊரை விட்டு ஓடப் பார்க்கிறார், அல்லது வழக்குப் போட்ட பிறகு சொத்தை நேர்மையில்லாமல் கைமாற்றினார், மறைத்தார். இரண்டு, டிகிரி தேதிக்குப் பிறகு முழுத் தொகையையோ கணிசமான பகுதியையோ கட்டும் வசதி அவரிடம் இருந்தது, அல்லது இருக்கிறது, ஆனாலும் கட்ட மறுக்கிறார். மூன்று, அந்தப் பணம் அவர் நம்பிக்கைப் பொறுப்பில் வைத்திருந்து கணக்குக் காட்ட வேண்டிய பணம். நம் தச்சருக்குப் பொருந்தக்கூடியவை முதல் இரண்டும்தான்.

1980இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் பேங்க் ஆஃப் கொச்சின் வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இதை இன்னும் இறுக்கினார். ஒப்பந்தக் கடனைக் கட்ட இயலாமையை மட்டுமே காரணமாக வைத்து எவரையும் சிறையில் அடைக்கக் கூடாது என்பது குடிமை, அரசியல் உரிமைகளுக்கான பன்னாட்டு உடன்படிக்கையின் 11ஆவது உறுப்பு. இந்தியா 1979இல் அந்த உடன்படிக்கையில் சேர்ந்தது. அதையும் அரசியலமைப்பின் 21ஆவது உறுப்பையும் சேர்த்துப் படித்த உச்ச நீதிமன்றம், பணம் கட்டவில்லை என்பது மட்டும் போதாது, அதில் கெட்ட எண்ணமும் தெரிய வேண்டும் என்றது. கவுன்டரில் (நோட்டீஸுக்குத் தாக்கல் செய்யும் எழுத்துப் பதிலில்) இந்தத் தீர்ப்பைக் குறிப்பிடத் தவறக் கூடாது.

நோட்டீஸ் வருவது சி.பி.சி.யின் ஆர்டர் 21 ரூல் 37இன் கீழ். அதில் குறித்த நாளில் போகாவிட்டால் ரூல் 37(2) வேலை செய்யும்: டிகிரிதாரர் (டிகிரி வாங்கியிருக்கும் கடன் கொடுத்தவர்) கேட்டால் கோர்ட் வாரண்ட் போட்டாக வேண்டும். வசதி இருக்கிறதா இல்லையா என்ற பேச்சே அப்போது எழாது. ஊரில் நாம் பார்க்கும் வாரண்டுகளில் நிறைய இப்படி வந்தவைதான். போய் நின்றால் ரூல் 40. அதில் முதலில் டிகிரிதாரர்தான் சாட்சியத்தோடு பேச வேண்டும். "இவருக்கு வசதி இருக்கிறது" என்று காட்டும் சுமை அவருடையது. அதன் பிறகே கடனாளியின் முறை. நோட்டீஸ் இல்லாமலே நேரடி வாரண்டும் வரலாம். ஆனால் அதற்கு, கடனாளி தப்பி ஓடப்போகிறார் என்று பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்து கோர்ட்டை நம்ப வைத்திருக்க வேண்டும்.

கவுன்டரில் "எனக்கு வசதி இல்லை" என்று ஒரே வரி எழுதி நிறுத்துவது பெரிய பிழை. தச்சர் மாதத்தில் எத்தனை நாள் வேலைக்குப் போகிறார், நாள் கூலி என்ன, வீட்டு வாடகை, பிள்ளைகள் படிப்பு, மருந்துச் செலவு, வேறு கடன்கள், இவையெல்லாம் தொகையோடு வர வேண்டும். ஒரு வருட பேங்க் பாஸ்புக் நகல், ரேஷன் கார்டு, மருத்துவச் சீட்டு ஆகியவற்றை இணைக்க வேண்டும். வழக்கு தொடங்கிய நாளிலிருந்து எந்தச் சொத்தையும் விற்கவில்லை, எழுதிக் கொடுக்கவில்லை என்ற வரியும் வேண்டும், அது உண்மையாக இருந்தால். நோட்டீஸ் வந்த பயத்தில் இருக்கிற அரை சென்ட்டை மைத்துனர் பேருக்கு எழுதி வைப்பவர்கள் உண்டு. 51ஆம் பிரிவு கேட்கும் கெட்ட எண்ணத்துக்குச் சாட்சியைத் தன் கையாலேயே தயாரித்துக் கொடுக்கும் காரியம் அது.

இன்னொரு பிழை, வாய்தாவைக் கடத்துவதற்காக "மாதம் 20,000 கட்டுகிறேன்" என்று ஒப்புக்கொள்வது. இரண்டு தவணையோடு நின்றுவிட்டால் அந்த வாக்குமூலமே "வசதி இருந்தது" என்பதற்கு ஆதாரமாகத் திரும்பும். 3,000தான் முடியுமானால் 3,000 என்றே சொல்லுங்கள். டிகிரிக்குப் பிறகு தவணை கிடைக்க ஆர்டர் 20 ரூல் 11(2)இன்படி டிகிரிதாரர் சம்மதமும் வேண்டும். ஆகவே சிறிய தொகையை ஒழுங்காகக் கட்டிக் காட்டுவதே அவரைச் சம்மதிக்க வைக்கும்.

வாரண்டே வந்துவிட்டாலும் எல்லைகள் இருக்கின்றன. 55ஆம் பிரிவின்படி சூரியன் மறைந்த பிறகும் உதிக்கும் முன்னும் கைதுக்காக வீட்டுக்குள் நுழையக் கூடாது. டிகிரித் தொகையையும் கைதுச் செலவையும் அமீனாவிடமே கட்டிவிட்டால் உடனே விட்டுவிட வேண்டும். கைதானவரின் சாப்பாட்டுப் படியை டிகிரிதாரர் முன்கூட்டியே கோர்ட்டில் கட்ட வேண்டும்; அதை நிறுத்தினால் விடுதலைதான். 58ஆம் பிரிவின்படி டிகிரித் தொகை 2,000 ரூபாய் வரை என்றால் சிறையே கிடையாது. 2,000க்கு மேல் 5,000 வரை அதிகபட்சம் 6 வாரம். 5,000க்கு மேல் எவ்வளவு போனாலும் 3 மாதம்தான் உச்சம். வெளியே வந்தபின் அதே டிகிரிக்கு மறுபடி கைது செய்ய முடியாது. ஆனால் கடன் கழியாது, சொத்து ஜப்தி தொடரலாம். கடுமையான நோய் இருந்தால் 59ஆம் பிரிவில் வாரண்டை ரத்து செய்யவும் விடுவிக்கவும் கேட்கலாம்.

சிறை உத்தரவு வந்துவிட்டால் "அப்பீல் போடுகிறேன்" என்று கிளம்ப வேண்டாம். 104ஆம் பிரிவு, டிகிரி நிறைவேற்றத்தில் வரும் கைது உத்தரவை அப்பீலிலிருந்து விலக்கியிருக்கிறது. உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனுதான் வழி.

---

செக்லீஃப் பதில்:

மேலே சொன்னது முழுக்க சிவில் கதை. துண்டறிக்கையில் செக் பற்றித் தனிப் பத்தி இல்லாவிட்டால் பாதி வேலைதான் முடிந்திருக்கும். புரோநோட்டோடு கையெழுத்துப் போட்ட வெற்றுக் காசோலையும் வாங்கி வைத்துக்கொள்வது எங்கும் வழக்கமாகிவிட்டது. அங்கே 51ஆம் பிரிவின் பாதுகாப்பு எதுவும் வராது. மாற்றுமுறை ஆவணச் சட்டம் 138ஆம் பிரிவு குற்றவியல் வழக்கு: 2 வருடம் வரை சிறை, அல்லது காசோலைத் தொகையைப் போல் இரு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும். பெண் என்பதாலும் விலக்கு இல்லை.

இதில் காலக்கெடுக்கள்தான் உயிர். காசோலையில் உள்ள தேதியிலிருந்து 3 மாதத்துக்குள் பேங்கில் போட வேண்டும். திரும்பிய தகவல் கிடைத்த 30 நாளுக்குள் எழுத்து நோட்டீஸ் அனுப்ப வேண்டும். நோட்டீஸ் கிடைத்த நாளிலிருந்து 15 நாள் கடனாளிக்கு அவகாசம். அந்த 15 நாளில் கட்டிவிட்டால் குற்றமே உருவாகாது. கட்டாவிட்டால் அதற்கடுத்த ஒரு மாதத்துக்குள் புகார் தாக்கல் ஆக வேண்டும். ஆகவே நோட்டீஸ் வந்த கவரை, அஞ்சல் முத்திரையோடு பத்திரமாக வைக்கச் சொல்லுங்கள்.

"வெற்றுக் காசோலைதானே கொடுத்தேன், தொகையை அவர்தான் எழுதிக்கொண்டார்" என்ற வாதம் தனியாக நிற்காது. கையெழுத்து உங்களுடையது என்றால் கடனுக்காகவே காசோலை கொடுத்தார் என்ற 139ஆம் பிரிவின் அனுமானம் வந்துவிடும் என்று 2019இல் பீர் சிங் எதிர் முகேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் ஒரு நல்ல பிடி இருக்கிறது. காசோலை கொடுத்த பிறகு ஒரு பகுதியைத் திருப்பிக் கட்டியிருந்து, அதைக் காசோலையில் குறிக்காமல் முழுத் தொகைக்கும் போட்டுத் திரும்பினால் 138 நிற்காது. 2022ஆம் ஆண்டு தசரத்பாய் திரிகம்பாய் படேல் வழக்கின் தீர்ப்பு இது. அதைப் பயன்படுத்த வேண்டுமானால் பகுதிப் பணம் கட்டியதற்கு ஆதாரம் வேண்டும். கையில் ரொக்கமாகக் கொடுத்து ரசீது வாங்காதவருக்கு இந்தத் தீர்ப்பால் பயனில்லை.

138 ஜாமீன் கிடைக்கும் குற்றம்தான். எந்தக் கட்டத்திலும் சமரசமாக முடிக்கலாம். ஆள் உள்ளே போவது பெரும்பாலும் தண்டனையால் அல்ல, சம்மனுக்குப் போகாமல் பிடிவாரண்ட் விழுவதால். மாதத் தவணைக்கு பேங்க் கணக்கிலிருந்து தானாக எடுக்கக் கையெழுத்திட்ட உத்தரவு பணமில்லாமல் திரும்பினாலும் கிட்டத்தட்ட இதே நிலைமை. அது பட்டுவாடா மற்றும் தீர்வு முறைகள் சட்டம் 2007இன் 25ஆம் பிரிவு.

அடுத்து போலீஸ். கடன் வசூலிப்பது காவல் நிலையத்தின் வேலை இல்லை. கட்ட முடியாமல் போனது மோசடி ஆகாது. வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும் என்பது 2000ஆம் ஆண்டு ஹிருதய ரஞ்சன் பிரசாத் வர்மா வழக்கிலிருந்து நிலைத்த சட்டம். பழைய 420 இப்போது பாரதிய நியாய சன்ஹிதா 318(4). தண்டனை 7 வருடம் வரை என்பதால், புகாரைப் பதியும் முன் டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாளுக்குள் முதற்கட்ட விசாரணை நடத்தும் வழி இதற்குப் பொருந்தாது; அது 7 வருடத்துக்குக் குறைவான தண்டனை உள்ள குற்றங்களுக்குத்தான். பதிந்தாலும், கைது தேவையில்லாத நிலையில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 35(3)இன்படி எழுத்து நோட்டீஸ் கொடுத்துத்தான் கூப்பிட வேண்டும். போனில் "ஸ்டேஷனுக்கு வா" என்றால் எழுத்தில் கேளுங்கள். எழுத்தில் வந்தால் தவறாமல் போங்கள்.

வாட்ஸ்அப்பில் வரும் "கைது வாரண்ட்" படங்களைப் பற்றியும் இரண்டு வரி சேருங்கள். உண்மையான ஈ.பி.க்குக் கோர்ட் பெயர், ஈ.பி. எண், வாய்தா தேதி, முத்திரை எல்லாம் இருக்கும். ஈகோர்ட்ஸ் இணையதளத்தில் பெயரையோ வழக்கு எண்ணையோ 16 இலக்கச் சி.என்.ஆர். எண்ணையோ போட்டுச் சரிபார்க்கலாம். பேங்குகளின் வசூல் ஆட்கள் காலை 8 மணிக்கு முன்னும் இரவு 7 மணிக்குப் பின்னும் கூப்பிடக் கூடாது என்பது ரிசர்வ் பேங்கின் 2022 உத்தரவு. கந்துவட்டி என்றால் 2003ஆம் ஆண்டுத் தமிழ்நாடு சட்டத்தில், கூடுதல் வட்டி வாங்குவதே 3 வருடம் வரை சிறைக்குரிய குற்றம்.

---

கரிசல்காடு மீண்டும்:

இருவருக்கும் நன்றி. மூன்று சந்தேகம். கையெழுத்திட்ட மனைவியின் நிலை என்ன? டிகிரிக்குப் பிறகு தச்சர் 60,000 ரூபாயைக் கடன் கொடுத்தவர் கையிலேயே கொடுத்திருக்கிறார் என்று வைத்துக்கொண்டால், ஈ.பி.யில் அது கழியுமா? வீடு, உளிப்பெட்டி, சம்பளம் இவற்றில் எதை எடுக்கலாம்?

---

மேட்டுத்தெரு_மணி பதில்:

மனைவியை இந்த டிகிரிக்காகக் கைது செய்யவே முடியாது. சி.பி.சி. 56ஆம் பிரிவு: பண டிகிரி நிறைவேற்றத்தில் பெண்ணைக் கைது செய்யவோ சிவில் சிறையில் வைக்கவோ கோர்ட் உத்தரவிடக் கூடாது. வசதி உள்ளவரா இல்லையா என்ற கேள்வியே அங்கு இல்லை. குழுக்கடன் வாங்கிய பெண்களிடம் "உள்ளே தள்ளிவிடுவோம்" என்று மிரட்டுவதுதான் வழக்கமாக இருப்பதால் இதைப் பெரிய எழுத்தில் போடுங்கள். அவர் பேரில் சொத்து இருந்தால் ஜப்தி வரலாம் என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள். கடன் வாங்கியவர் இறந்துவிட்டால், வாரிசுகளின் பொறுப்பு அவர் விட்டுச்சென்ற சொத்து அளவுக்குத்தான், 50, 52ஆம் பிரிவுகள்.

60,000 விஷயம் வேதனையானது. கோர்ட்டுக்கு வெளியே கொடுத்த பணத்தை ஆர்டர் 21 ரூல் 2இன்படி கோர்ட்டில் பதிவு செய்ய வேண்டும். பதியாத பணத்தை நிறைவேற்றும் கோர்ட் கணக்கில் எடுக்காது. டிகிரிதாரர் சொல்லாவிட்டால் கடனாளியே மனுப் போடலாம், ஆனால் காலவரம்பு பணம் கொடுத்த நாளிலிருந்து 30 நாள்தான். இந்த 30 நாள் தெரியாமல் ஒரே கடனை இரண்டு தடவை கட்டுபவர்கள் இருக்கிறார்கள். இனி கட்டுவதைக் கோர்ட்டிலேயே கட்டட்டும், அல்லது பேங்க் வழியாக ஈ.பி. எண்ணைக் குறிப்பிட்டு அனுப்பட்டும்.

ஈ.பி.யோடு வரும் வட்டிக் கணக்கை ஒருவர் உட்கார்ந்து சரிபார்க்க வேண்டும். இப்படிக் கைக்கடனில், டிகிரிக்குப் பிறகான வட்டி அசல் மீது 6 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது என்பது 34ஆம் பிரிவு. அசல் 2,00,000க்கு 6 சதவீதம் என்றால் 3 வருடத்துக்கு 36,000. புரோநோட்டில் இருக்கும் 24 சதவீதத்தையே போட்டிருந்தால் 1,44,000. வித்தியாசம் 1,08,000 ரூபாய். டிகிரி நகலை வாங்கி, அதில் எழுதியிருக்கும் வட்டியோடு ஒப்பிட்டுப் பாருங்கள். டிகிரியில் பின்வட்டி பற்றி ஒன்றும் இல்லையென்றால் அது மறுக்கப்பட்டதாகவே பொருள்.

ஜப்திக்கு 60ஆம் பிரிவு. கைவினைஞரின் கருவிகளைத் தொடக் கூடாது, ஆகவே உளி, இழைப்புளி, வாள் பத்திரம். உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை, மத வழக்கப்படி பெண் கழற்றக் கூடாத தாலி ஆகியவையும் அப்படியே. விவசாயி, கூலித் தொழிலாளி, வீட்டு வேலை செய்பவர் இவர்கள் குடியிருக்கும் சொந்த வீட்டுக்கும் விலக்கு உண்டு. நம் தச்சர் நாள் கூலிக்குப் போகிறவர் என்றால் தொழிலாளி என்ற முறையில் அதைக் கோரலாம். ஆள் வைத்துப் பட்டறை நடத்துபவர் என்றால் கிடைப்பது கடினம். வீட்டையே அடமானம் வைத்து வாங்கிய கடனுக்கு இந்த விலக்கு உதவாது.

கூலி முழுவதற்கும் விலக்கு. மாதச் சம்பளக்காரருக்கு முதல் 1,000 ரூபாயும், மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் தப்பும். 28,000 சம்பளம் என்றால் 1,000 கழித்து 27,000, அதில் 18,000 தப்பும். ஆக 19,000 கைக்கு வரும், 9,000 பிடிக்கலாம். அதுவும் ஒரே டிகிரிக்கு மொத்தம் 24 மாதம்தான். பி.எஃப்., அரசு ஓய்வூதியம் தொட முடியாதவை. "விலக்கு எதுவும் கோர மாட்டேன்" என்று கடன் பத்திரத்தில் எழுதி வாங்கியிருந்தாலும் 60(1ஏ)இன்படி அது செல்லாது.

முன்சீப்கோர்ட்_வாசல் அவர்கள் சொல்லாமல் விட்ட ஒன்று: 51ஆம் பிரிவின் விளக்கவுரைப்படி, ஜப்தி செய்ய முடியாத சொத்தை "வசதி" கணக்கிலும் சேர்க்கக் கூடாது. "கூலி வாங்குகிறாரே, கருவி வைத்திருக்கிறாரே" என்று எதிர்த்தரப்பு சொன்னால் கவுன்டரில் கொடுக்க வேண்டிய பதில் இதுதான்.

ஒருதலைப்பட்ச டிகிரியை நீக்க ஆர்டர் 9 ரூல் 13 மனு. 30 நாள், சம்மன் முறையாகச் சேரவில்லையென்றால் டிகிரி தெரிந்த நாளிலிருந்து எண்ண வேண்டும். மனுப் போட்டதாலேயே ஈ.பி. நிற்காது, தடை தனியாகக் கேட்க வேண்டும். வக்கீல் கட்டணத்துக்கு வழி இல்லாதவர் 15100க்கு அழைக்கலாம், அல்லது கோர்ட் வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் அலுவலகத்துக்குப் போகலாம். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பார்க்காமலே இலவசம்.

---

முன்சீப்கோர்ட்_வாசல் மீண்டும்:

மணி அவர்கள் சேர்த்தது மிகச் சரி. யாராவது கூட்டத்தில் "மஞ்சள் கடுதாசி கொடுத்துவிட்டால் போதுமா" என்று கட்டாயம் கேட்பார்கள், அதையும் சொல்லிவிடுகிறேன். ஐ.பி. என்பது திவால் மனு. மாவட்டங்களில் 1920ஆம் ஆண்டு மாகாணத் திவால் சட்டம், சென்னையில் 1909ஆம் ஆண்டுச் சட்டம். கடன் மொத்தம் 500 ரூபாய்க்கு மேல் இருந்து, கட்ட இயலாத நிலை இருந்தால் மனுப் போடலாம். எல்லாக் கடன்காரர்களின் பெயர், முகவரி, தொகை, எல்லாச் சொத்துகளின் விவரமும் தர வேண்டும். கைதாகியிருப்பவர் 23ஆம் பிரிவில் இடைக்கால விடுதலை கேட்கலாம். திவாலானவர் என்று அறிவித்த பிறகு 31ஆம் பிரிவில் கைதிலிருந்து பாதுகாப்பு உத்தரவு கேட்கலாம். இரண்டும் தானாக வராது, தனி மனு வேண்டும்.

பிறகு சொத்து கோர்ட்டின் வசம் போகும். விலக்குள்ள கருவி, பாத்திரம் போகாது. முந்தைய 2 வருடத்துக்குள் விலை வாங்காமல் எழுதிக் கொடுத்த சொத்தையும், முந்தைய 3 மாதத்தில் ஒரு கடன்காரருக்கு மட்டும் சலுகையாகக் கட்டியதையும் கோர்ட் செல்லாததாக்கலாம். திவால் அறிவிப்பில் குறித்த காலத்துக்குள் விடுவிப்பு மனு (திவால் நிலையிலிருந்தும் பழைய கடன்களிலிருந்தும் விடுவிக்கக் கேட்பது) போட மறந்தால் எல்லாமே ரத்தாகிப் பழைய நிலைக்கு வந்துவிடும். பலர் சறுக்கும் இடம் இது. விடுவிப்பு வரும்வரை, தான் திவாலானவர் என்று சொல்லாமல் 50 ரூபாய்க்கு மேல் கடன் வாங்கினாலும் 72ஆம் பிரிவில் குற்றம்.

138 வழக்கை ஐ.பி. நிறுத்தாது. ஜீவனாம்ச பாக்கியும் இதில் கரையாது. அதற்குப் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 144இல், கட்டத் தவறிய ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறை தனியாக இருக்கிறது. தச்சரின் காசோலையும் கடன் கொடுத்தவர் கையில் இருந்தால், ஐ.பி.க்கு முன்னால் அதைப் பற்றித்தான் வக்கீலிடம் பேச வேண்டும்.